ஒரே நாடு, பத்து சந்தை: கனடா தனக்குள்ளேயே போட்டுக்கொண்ட வணிக ஒப்பந்தங்கள்

வணிகவியல் படிக்கிற நண்பர்களுக்கு ஒரு கேள்வி. தடையற்ற வணிக ஒப்பந்தம் என்பது யாருக்கும் யாருக்கும் இடையில் நடப்பது? 'இரண்டு நாடுகளுக்கு இடையில்' என்று நாம் எல்லோரும் பரீட்சையில் எழுதி மதிப்பெண் வாங்கியிருக்கிறோம். நானும்தான். ஆனால் ஒரே கொடி, ஒரே பாஸ்போர்ட், ஒரே நாணயம் உள்ள ஒரு நாட்டுக்குள், அதன் மாகாணங்களே எதிரெதிரே உட்கார்ந்து பேரம் பேசிக் கையெழுத்துப் போட்ட கதை ஒன்று இருக்கிறது. ஒரு முறை அல்ல, பல முறை. அந்த நாடு கனடா.

கதையை ஒரு பீர் வழக்கிலிருந்து ஆரம்பிக்கிறேன். (குடிக்காதவர்களும் தைரியமாகப் படிக்கலாம்.)

2012 அக்டோபர் 6. நியூ பிரன்ஸ்விக் மாகாணத்தில் டிராக்கடி என்ற ஊரைச் சேர்ந்தவர் ஜெரார் கோமோ. வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். அன்று காரை எடுத்துக்கொண்டு பக்கத்து மாகாணமான கியூபெக்குக்குப் போனார். நடுவில் ஒரு ஆறு, ஆற்றின் மேல் ஒரு பாலம், அவ்வளவுதான் தூரம். பாலத்துக்கு அந்தப் பக்கம் பீர் விலை குறைவு. 354 பாட்டில், டின் பீரும் கூடவே மூன்று பாட்டில் வேறு மதுவும் வாங்கிக்கொண்டு திரும்பினார். பாலத்துக்கு இந்தப் பக்கம் கேம்ப்பெல்டன் நகரில் போலீஸ் நிறுத்தியது. வெளி மாகாணத்திலிருந்து கொண்டு வரலாம் என்று நியூ பிரன்ஸ்விக் சட்டம் அனுமதித்தது ஒரு பாட்டில் மது, அல்லது 12 பைன்ட் பீர். அதாவது சுமார் 18 பாட்டில். கோமோவின் சரக்கு பறிமுதல். அபராதமும் கட்டணங்களும் சேர்த்து 292 டாலர் 50 சென்ட்.

பாண்டிச்சேரியிலிருந்து வரும் பஸ்ஸில் பையைச் சோதனை போடுவதைப் பார்த்த நமக்கு இது ஒன்றும் புதிதாகத் தெரியாது. ஆனால் கோமோ பணத்தைக் கட்டிவிட்டுப் போகவில்லை. அரசியல் சட்டத்தைக் காட்டி வழக்காடினார். அவர் காட்டியது 1867ஆம் வருடச் சட்டத்தின் 121ஆம் பிரிவு. எந்த மாகாணத்தில் விளைந்த, உற்பத்தியான, தயாரான பொருளும் மற்ற மாகாணங்களுக்குள் 'தடையின்றி' அனுமதிக்கப்படும் என்பது அதன் சாரம். ஒரே ஒரு வாக்கியம். அந்த வாக்கியத்துக்கு என்ன அர்த்தம் என்பதில்தான் 150 வருட வம்பு.

அந்த வாக்கியம் ஏன் எழுதப்பட்டது என்று கொஞ்சம் பின்னால் போய்ப் பார்க்கலாம். 1867க்கு முன்னால் நோவா ஸ்கோஷியா, நியூ பிரன்ஸ்விக், கனடா (இன்றைய ஒன்டாரியோவும் கியூபெக்கும் சேர்ந்தது) எல்லாம் தனித்தனி பிரிட்டிஷ் காலனிகள். தனித்தனி சுங்க வரி. 1854ல் இவை அமெரிக்காவுடன் ஒரு பரஸ்பர வணிக ஒப்பந்தம் செய்திருந்தன. மீன், மரம், தானியம் எல்லாம் வரியில்லாமல் தெற்கே போய்க்கொண்டிருந்தது. 1866ல் அமெரிக்கா அந்த ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டது. பெரிய சந்தை கதவை மூடிவிட்டது, இனி நமக்குள்ளேயே ஒரு சந்தை வேண்டும் என்ற நினைப்பு காலனிகள் ஒன்றாகச் சேர்ந்ததற்கான காரணங்களில் ஒன்று. அடுத்த வருடம் கனடா என்ற நாடு பிறந்தது. அமெரிக்கா கதவைச் சாத்தினால்தான் கனடாவுக்குள் கதவு திறக்கும். இந்த விஷயத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், இந்தக் கதையில் திரும்பத் திரும்ப வரும்.

இனி 1921. மதுவிலக்குக் காலம். எந்த மாகாணம் மதுவிலக்குக்கு ஓட்டுப் போடுகிறதோ அதற்குள் வெளியிலிருந்து மது கொண்டு வரக்கூடாது என்று மத்திய அரசு சட்டம் போட்டிருந்தது. ஆல்பர்ட்டாவில் கோல்ட் சீல் என்ற மது வியாபார நிறுவனம் 'இது பிரிவு 121க்கு எதிரானது' என்று உச்ச நீதிமன்றம் போனது. நீதிபதிகள் அதற்குச் சொன்ன பதில்: அந்தப் பிரிவு தடுப்பது மாகாண எல்லையில் விதிக்கும் சுங்க வரியை மட்டும்தான். வரி போடாமல் வேறு விதமாகத் தடுத்தால் அது பிரிவு 121க்குள் வராது.

இதன் விளைவை யோசித்துப் பாருங்கள். வரி போடக் கூடாது, சரி. ஆனால் 'எங்கள் மாகாணத் தரச்சான்று இல்லாத பொருளை விற்கக் கூடாது' என்று சொல்லலாம். 'எங்கள் மாகாண லைசென்ஸ் இல்லாத நர்ஸ், எலக்ட்ரீஷியன் வேலை செய்யக் கூடாது' எனலாம். 'அரசு டெண்டர் உள்ளூர் நிறுவனத்துக்குத்தான்' எனலாம். வரி என்ற முன்வாசலைப் பூட்டிவிட்டுப் பின்வாசலை அகலத் திறந்து வைத்த தீர்ப்பு அது. 1958ல் மர்ஃபி என்ற தானிய வியாபாரி சம்பந்தப்பட்ட வழக்கில் நீதிபதி ரேண்ட், இந்தப் பிரிவுக்கு வரியைத் தாண்டியும் பொருள் உண்டு, மாகாணங்களுக்கு இடையிலான வணிகத்தை முடக்குவதையே நோக்கமாகக் கொண்ட விதிகளையும் அது தடுக்கும் என்று எழுதினார். நல்ல கருத்துதான். ஆனால் மர்ஃபி அந்த வழக்கில் தோற்றார்.

பின்வாசலில் என்னென்ன நடந்தது என்பதற்கு எனக்குப் பிடித்த உதாரணம் மார்கரின். வெண்ணெய்க்குப் பதிலாகத் தடவிக்கொள்வார்களே, அதுதான். பால் பண்ணைக்காரர்களின் நெருக்குதலால் 1886ல் கனடா மார்கரினையே தடை செய்தது. முதல் உலகப் போர்ச் சமயத்தில் 1917 முதல் 1923 வரை கொஞ்சம் விட்டுக் கொடுத்தார்கள், பிறகு மறுபடி தடை. 1948ல் உச்ச நீதிமன்றம் 'உற்பத்தியையும் விற்பனையையும் தடை செய்ய மத்திய அரசுக்கு அதிகாரம் இல்லை' என்றது. அதே சமயத்தில் நியூஃபவுண்ட்லாந்து என்ற தனி பிரிட்டிஷ் பகுதி கனடாவோடு இணைவது பற்றிப் பேச்சு நடந்தது. அங்கே மக்கள் மார்கரின்தான் சாப்பிடுவார்கள். எனவே 1949ல் அது இணைந்தபோது போடப்பட்ட இணைப்பு விதிகளில், 46ஆம் விதி முழுக்க மார்கரினுக்கென்றே ஒதுக்கப்பட்டது! நீங்கள் தயாரிக்கலாம், விற்கலாம், ஆனால் நாடு முழுவதும் அது சட்டப்படி சரி என்று ஆகும் வரை மற்ற மாகாணங்களுக்கு அனுப்பக் கூடாது. ஒரு நாடு இன்னொரு பகுதியைத் தன்னோடு சேர்த்துக்கொள்ளும் ஆவணத்தில், அரசியல் சட்ட அந்தஸ்தோடு, மார்கரின் உட்கார்ந்திருக்கிறது. முதலில் இதைப் படித்தபோது யாரோ கிண்டலுக்கு எழுதியது என்றுதான் நினைத்தேன் :-)

இதற்கு இணையான இன்னொரு கூத்து 1970-71ல் நடந்த 'கோழி முட்டைச் சண்டை'. கியூபெக்கில் கறிக்கோழி உபரி. ஒன்டாரியோ, மனிடோபாவில் முட்டை உபரி. வெளி மாகாண முட்டை உள்ளே வந்து விலையைக் குறைக்கிறது என்று கியூபெக் தன் முட்டை வாரியத்தின் மூலம் கட்டுப்பாடு போட்டது. மற்றவர்கள் பதிலுக்குக் கியூபெக் கோழிக்குக் கட்டுப்பாடு போட்டார்கள். மனிடோபா ஏற்றுமதி செய்கிற மாகாணம், அடி அதற்குத்தான். அது என்ன செய்தது தெரியுமா? கியூபெக்கின் விதியைப் போலவே தானும் ஒரு விதியைத் தயாரித்து, 'இந்த விதி செல்லுமா?' என்று நீதிமன்றத்தில் தானே கேட்டது. 'செல்லாது' என்ற பதிலை வாங்குவதற்காகவே கேட்டது. தன் விதி செல்லாதென்றால் கியூபெக் விதியும் செல்லாதே! 1971ல் உச்ச நீதிமன்றம் அப்படியே தீர்ப்பளித்தது. மாகாணங்களுக்கு இடையிலான வணிகத்தை நெறிப்படுத்துவது மத்திய அரசின் வேலை, மாகாணத்தின் வேலை அல்ல என்பது காரணம்.

மனிடோபா ஜெயித்தது. ஆனால் சந்தை திறந்ததா என்றால் இல்லை. 1972ல் மத்திய அரசு ஒரு சட்டம் கொண்டு வந்து, முட்டைக்கும் கோழிக்கும் தேசிய அளவில் வாரியம் வைத்து, எந்த மாகாணம் எவ்வளவு உற்பத்தி செய்யலாம் என்று பங்கு பிரித்துக் கொடுக்க வழி செய்தது. சண்டை போட்டவர்கள் ஆளுக்கொரு பங்கோடு வீட்டுக்குப் போனார்கள். முட்டை வாங்குகிறவரை யாரும் கேட்கவில்லை.

பீர் விஷயம் இன்னும் மோசம். 1928ஆம் வருட மத்திய சட்டப்படி ஒரு மாகாணத்துக்குள் மது வரவேண்டுமென்றால் அந்த மாகாண மது வாரியம் வழியாகத்தான் வரவேண்டியிருந்தது. வாரியங்கள் தங்கள் மாகாணத்தில் காய்ச்சிய பீருக்கே சலுகை காட்டின. அதனால் பெரிய நிறுவனங்கள் மாகாணத்துக்கு ஒரு ஆலை கட்டின. ஒரு பெரிய ஆலையில் குறைந்த செலவில் செய்ய வேண்டியதைப் பல சிறிய ஆலைகளில் அதிகச் செலவில் செய்தார்கள். பேரளவு உற்பத்தியின் சிக்கனம் என்று முதல் வருடத்தில் படித்தோமே, அதற்கு நேர் எதிர். நியூ பிரன்ஸ்விக்கின் மூஸ்ஹெட் பீர் 1980களில் அமெரிக்கக் கடைகளில் கிடைத்தது. சொந்த நாட்டின் பல மாகாணங்களில் கிடைக்கவில்லை.

இதைத் தட்டிக் கேட்டது யார்? கனடியர்கள் அல்ல. 1988ல் ஐரோப்பிய சமூகமும், 1992ல் அமெரிக்காவும் காட் அமைப்பில் கனடாவின் மாகாண மது வாரியங்களுக்கு எதிராகத் தீர்ப்பு வாங்கின. வெளிநாட்டுக்காரனுக்குப் புகார் சொல்ல ஒரு இடம் இருந்தது. பக்கத்து மாகாணத்துக்காரனுக்கு இல்லை.

இங்கேதான் ஒப்பந்தங்களின் கதை தொடங்குகிறது. அரசியல் சட்டத்தைத் திருத்திப் பிரிவு 121க்குப் பல் வைக்கலாம் என்று மத்திய அரசு 1980லும் 1991லும் யோசனை முன்வைத்தது. இரண்டும் நிறைவேறவில்லை. மாகாணங்களுக்குத் தங்கள் அதிகாரம் போய்விடுமோ என்ற பயம், குறிப்பாகக் கியூபெக்குக்கு. அந்தப் பயத்தில் நியாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். பிரெஞ்சு பேசும் ஒரு மாகாணம், எல்லா விதியையும் ஒட்டாவாவோ நீதிமன்றமோ தீர்மானிக்கட்டும் என்று எப்படி விட்டுக்கொடுக்கும்? சட்டம் முடியாது, தீர்ப்பு முடியாது என்றான பிறகு மிச்சம் இருந்தது ஒரே வழி. வெளிநாட்டோடு பேசுவது போலப் பேசி உடன்பாடு செய்வது.

நெருக்கடி மறுபடியும் தெற்கிலிருந்து வந்தது, இந்த முறை வேறு உருவத்தில். 1989ல் கனடா - அமெரிக்கா தடையற்ற வணிக ஒப்பந்தம், 1994ல் மெக்சிகோவும் சேர்ந்த நாஃப்டா. அமெரிக்கரோடு வியாபாரம் செய்வது பக்கத்து மாகாணத்தோடு செய்வதைவிடச் சுலபம் என்ற நிலை வந்ததும் எல்லோருக்கும் கூச்சமாகிவிட்டது. 1994 ஜூலை 18ல் மத்திய அரசு, பத்து மாகாணங்கள், அப்போதிருந்த இரண்டு ஆட்சிப் பகுதிகள் எல்லாம் சேர்ந்து 'உள்நாட்டு வணிக ஒப்பந்தம்' என்பதில் கையெழுத்திட்டன. 1995 ஜூலை 1, கனடா தினத்தன்று, அமலுக்கு வந்தது. அரசுக் கொள்முதல், முதலீடு, தொழிலாளர் நடமாட்டம், விவசாயப் பொருள், மது, போக்குவரத்து என்று துறைக்கு ஒரு அத்தியாயம்.

அதில் எரிசக்திக்கும் ஒரு அத்தியாயம் உண்டு, எண் 12. அதைத் திறந்து பார்த்தால் உள்ளே ஒன்றும் கிடையாது. பேச்சு முடியவில்லை, பிறகு எழுதிக்கொள்ளலாம் என்று இடம் விட்டார்கள். அந்த ஒப்பந்தம் வழக்கொழிந்து போகும் வரை அது நிரப்பப்படவே இல்லை. எண்ணெயும் மின்சாரமும்தான் சில மாகாணங்களின் உயிர்நாடி என்பது தெரிந்தால் ஏன் என்று புரியும்.

இந்த ஒப்பந்தத்தின் அமைப்பில் இரண்டு ஓட்டைகள் இருந்தன. முதலாவது, இதில் எழுதியிருப்பது மட்டும்தான் திறந்தது, எழுதாதது எல்லாம் மூடியது. நேர்மறைப் பட்டியல் முறை என்பார்கள். ஹாஸ்டலில் 'இன்ன இன்ன நேரத்தில் மட்டும் வெளியே போகலாம்' என்று நோட்டீஸ் ஒட்டுவது மாதிரி. 'இன்ன நேரத்தில் மட்டும் போகக் கூடாது' என்று ஒட்டினால் அது எதிர்மறைப் பட்டியல். கேட்க ஒன்று போலத் தோன்றினாலும் இரண்டுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். புதிதாக ஒரு தொழில் முளைத்தால் முதல் முறையில் அது தானாகவே வெளியே நிற்கும், இரண்டாவது முறையில் தானாகவே உள்ளே வந்துவிடும்.

இரண்டாவது ஓட்டை, மீறினால் தண்டனை இல்லை. நடுவர் குழு 'நீ செய்தது தவறு' என்று அறிக்கை கொடுக்கும். அவ்வளவுதான். தனி மனிதரோ நிறுவனமோ நேராகப் புகார் கொடுக்கவும் முடியாது. முதலில் தன் மாகாண அரசைக் கேட்க வேண்டும். அது மறுத்தால் புகாரில் சாரம் இருக்கிறதா என்று பார்க்கும் ஒரு ஆய்வாளரின் சம்மதம் வாங்க வேண்டும்.

இது எப்படி வேலை செய்தது என்பதற்கு 1997-98ல் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். பெட்ரோலில் கலக்கும் எம்.எம்.டி. என்ற மாங்கனீசு சேர்மத்தின் இறக்குமதியையும், மாகாணங்களுக்கு இடையிலான வணிகத்தையும் மத்திய அரசு தடை செய்தது. ஆல்பர்ட்டா உள்நாட்டு ஒப்பந்தத்தின் கீழ்ப் புகார் செய்தது. 1998 ஜூனில் நடுவர் குழு ஆல்பர்ட்டா பக்கம் தீர்ப்பளித்தது, அடுத்த மாதமே தடை நீங்கியது. 'பார்த்தாயா, வேலை செய்கிறதே!' என்பீர்கள். ஆனால் அதே தடைக்காக அமெரிக்காவின் எதில் நிறுவனம் நாஃப்டாவின் கீழ் வழக்குப் போட்டிருந்தது. அதற்கு சமரசமாக 1 கோடியே 30 லட்சம் அமெரிக்க டாலர் கொடுத்தார்கள். ஆல்பர்ட்டாவின் கையில் ஓர் அறிக்கை, எதிலின் கையில் ஒரு காசோலை. எது அரசை அசைத்திருக்கும் என்பதை உங்கள் ஊகத்துக்கே விடுகிறேன்.

நம் மார்கரின் இந்தக் காலத்திலும் விடவில்லை. 1987ல் கியூபெக் மஞ்சள் நிற மார்கரினைத் தடை செய்திருந்தது. வெண்ணெய் என்று ஏமாந்துவிடுவார்களாம், அதனால் வெளுப்பாகத்தான் விற்க வேண்டும். யூனிலீவர் 1997ல் வேண்டுமென்றே மஞ்சள் மார்கரினை உள்ளே அனுப்பிப் பறிமுதல் செய்ய வைத்து வழக்குப் போட்டது. 2005 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் கியூபெக் விதி செல்லும் என்றது. அதே வருடம் ஜூனில், ஆல்பர்ட்டாவின் புகாரில், உள்நாட்டு ஒப்பந்த நடுவர் குழு அந்த விதி ஒப்பந்தத்துக்கு விரோதம் என்றது. ஒரே விதி, மூன்று மாத இடைவெளியில் இரண்டு பதில்! சட்டப்படி சரி, ஒப்பந்தப்படி தவறு. கியூபெக் அந்த விதியை நீக்கியது 2008ல். நீதிமன்றம் மறுத்ததை ஒரு பல்லில்லாத ஒப்பந்தம் மூன்று வருடம் கழித்தாவது வாங்கிக் கொடுத்தது என்பதால் எனக்கு அந்த ஒப்பந்தத்தின் மேல் கொஞ்சம் மரியாதை வந்தது.

இதில் பொருள்களை விட மனிதர்கள் பட்ட பாடு அதிகம். ஒட்டாவா ஒன்டாரியோவில் இருக்கிறது. ஆற்றைக் கடந்தால் கியூபெக்கின் கட்டினோ. காலையில் பாலம் தாண்டி வேலைக்குப் போய் மாலையில் வீட்டுக்கு வரும் தூரம். கட்டட வேலைக்குக் கியூபெக்கின் விதிகள் கடுமை, அதனால் ஒன்டாரியோ தச்சருக்கு அந்தப் பக்கம் வேலை கிடைப்பது கஷ்டம். கியூபெக் தச்சர் இந்தப் பக்கம் சுலபமாக வந்து வேலை செய்தார். பொறுத்துப் பார்த்த ஒன்டாரியோ 1999ல் ஒரு சட்டம் போட்டது. அதன் பெயரைத் தமிழில் சொன்னால் 'நியாயம் என்பது இருவழிப் பாதை' சட்டம். கியூபெக் கட்டடத் தொழிலாளர்கள் ஒன்டாரியோவில் வேலை செய்யக் கட்டுப்பாடுகள். 2006ல் இரு மாகாணங்களும் தனியாக ஒரு தொழிலாளர் உடன்பாட்டுக்கு வந்த பிறகுதான் அதை விலக்கிக்கொண்டார்கள். அந்த ஏழு வருடத்தில் தலைவர்கள் யாருக்கும் நஷ்டமில்லை. கரையின் தவறான பக்கத்தில் வீடு வைத்திருந்த கொத்தனாருக்குத்தான்.

அதே 2006ல் மேற்கே வேறொரு முயற்சி. பதின்மூன்று அரசுகளும் ஒத்துக்கொள்ளும் வரை காத்திருந்தால் விடியாது என்று பிரிட்டிஷ் கொலம்பியாவும் ஆல்பர்ட்டாவும் தங்களுக்குள் 'வணிகம், முதலீடு, தொழிலாளர் நடமாட்ட ஒப்பந்தம்' செய்துகொண்டன. ஆங்கிலச் சுருக்கத்தில் டில்மா. 2007 ஏப்ரல் 1 முதல் அமல். இதில் எதிர்மறைப் பட்டியல். தனி நபரும் புகார் செய்யலாம். மீறிய அரசுக்கு 50 லட்சம் டாலர் வரை அபராதம். இரண்டு ஓட்டையையும் ஒரே அடியில் அடைத்தார்கள்.

எதிர்ப்பும் வந்தது. தொழிற்சங்கங்களும் பல நகராட்சிகளும் 'எங்கள் ஊரில் நாங்கள் போடும் விதிகளை எல்லாம் வணிகத் தடை என்று எவனாவது வழக்குப் போட்டால் என்ன செய்வது?' என்று கேட்டன. சஸ்காச்சுவான் 2007ல் பொது விசாரணை நடத்திப் பார்த்துவிட்டு 'வேண்டாம்' என்றது. இந்த எதிர்ப்பைச் சும்மா பிற்போக்கு என்று ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. எது பாதுகாப்பு விதி, எது வேஷம் போட்ட தடை என்று பிரிப்பது சுலபமல்ல. ஆனாலும் 2010ல் அதே சஸ்காச்சுவான் அந்த இருவரோடும் சேர்ந்து புதிய மேற்கத்திய கூட்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டது. மனிடோபா 2017ல் சேர்ந்தது. இந்தப் போட்டியில் பழைய நாடு தழுவிய ஒப்பந்தமும் 2009ல் அபராத விதியைச் சேர்த்துக்கொண்டது.

அடுத்த தள்ளு ஐரோப்பாவிலிருந்து. ஐரோப்பிய ஒன்றியத்தோடு கனடா செய்த ஒப்பந்தம் 2017ல் பெரும்பகுதி அமலுக்கு வரவிருந்தது. அதில் மாகாண அரசுகளின் டெண்டர்களில் கலந்துகொள்ள ஐரோப்பிய நிறுவனங்களுக்குக் கிடைத்த வாய்ப்பு, பக்கத்து மாகாண நிறுவனத்துக்குக் கிடைத்ததைவிட மேலாக இருந்தது. மறுபடியும் கூச்சம். 2017 ஜூலை 1ல் பழைய ஒப்பந்தத்தை நீக்கி 'கனடியத் தடையற்ற வணிக ஒப்பந்தம்' வந்தது. எதிர்மறைப் பட்டியல், அபராத உச்சம் 1 கோடி டாலர். ஆனால் எதிர்மறைப் பட்டியலில் ஒரு வசதி இருக்கிறது: 'இது மட்டும் இல்லை, அது மட்டும் இல்லை' என்று எத்தனை வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளலாம். எழுதினார்கள். பக்கம் பக்கமாக ஒவ்வொரு அரசின் விதிவிலக்குகள். படிக்க ஆரம்பித்து எந்த மாகாணத்தின் பட்டியலில் இருக்கிறேன் என்றே எனக்கு மறந்துவிட்டது.

இப்போது கோமோவிடம் திரும்பலாம். 2016 ஏப்ரலில் கேம்ப்பெல்டன் மாகாண நீதிமன்ற நீதிபதி ரோனால்ட் லெப்ளாங்க் அவரை விடுதலை செய்தார். 1867ல் நாட்டை உருவாக்கியவர்கள் நினைத்தது முழுமையான உள்நாட்டுத் தடையற்ற வணிகம், 1921 தீர்ப்பு அந்தப் பிரிவைத் தவறாகப் படித்துவிட்டது என்றார். இதற்கு வரலாற்றாசிரியர் ஒருவரின் சாட்சியம் உதவியது (வரலாறு படித்தால் வேலை கிடைக்காது என்பவர்கள் கவனிக்க!). நாடே பரபரப்பானது. 354 பீரில் ஆரம்பித்த வழக்கு, பால் பண்ணை முதல் மது வாரியம் வரை எல்லாவற்றையும் ஆட்டிப் பார்க்கும் அளவுக்கு வளர்ந்துவிட்டது.

2018 ஏப்ரல் 19ல் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமனதாக அதை மாற்றினார்கள். எல்லை தாண்டும் வணிகத்தைத் தடுப்பதே ஒரு சட்டத்தின் சாரமும் முதன்மை நோக்கமுமாக இருந்தால்தான் பிரிவு 121 குறுக்கே வரும். வேறொரு நோக்கத்துக்காகப் போட்ட சட்டம் போகிற போக்கில் வணிகத்தையும் தடுத்தால் பரவாயில்லை. நியூ பிரன்ஸ்விக்கின் நோக்கம் மாகாணத்துக்குள் மது விநியோகத்தை மேற்பார்வை செய்வது, எனவே சட்டம் செல்லும். 1921ஐவிட ஒரு படி முன்னேற்றம்தான். ஆனால் எந்த மாகாணம் 'எங்கள் நோக்கம் வணிகத்தைத் தடுப்பது' என்று சட்டத்தில் எழுதி வைக்கும்?

நம் அரசியல் சட்டத்தின் 301ஆம் பிரிவும் இதே வாக்குறுதியைக் கொடுக்கிறது என்பது படித்தவர்களுக்கு ஞாபகம் வரும். நாம் போன வழி வேறு. 2017ல் ஜி.எஸ்.டி. வந்தது, மாநில எல்லை வரிச் சோதனைச் சாவடிகள் போயின. ஆனால் குடிக்கும் மது ஜி.எஸ்.டி.க்கு வெளியேதான் நிற்கிறது. எந்த ஊரிலும் அரசுகள் கடைசி வரை கைவிடாத பொருள் இது ஒன்றுதான் போல.

கோமோ தோற்றதோடு நீதிமன்ற வழி கிட்டத்தட்ட மூடிவிட்டது. திரும்பவும் ஒப்பந்தம்தான். 2019ல் பன்னாட்டு நிதியத்தின் ஆய்வுக் கட்டுரை ஒன்று, இந்த உள்நாட்டுத் தடைகள் எல்லாம் போனால் கனடாவின் தலா உற்பத்தி சுமார் 4% கூடும் என்று கணக்கிட்டது. அதற்கெல்லாம் யாரும் பெரிதாக அசையவில்லை. அசைத்தது 2025. அந்த வருடம் மார்ச்சில் அமெரிக்க அதிபர் டிரம்ப் கனடியப் பொருள்கள் மேல் 25% வரியை அமல்படுத்தினார். (சில நாளிலேயே பழைய ஒப்பந்தத்துக்கு உட்பட்ட பொருள்களுக்கு விலக்கு கொடுத்தார், அது தனிக் கதை.) 1866 மாதிரியே தெற்குக் கதவு ஆட ஆரம்பித்ததும் வடக்கே எல்லோருக்கும் பக்கத்து வீட்டு ஞாபகம் வந்தது. 2025 ஜூனில் மத்திய அரசு, ஒரு மாகாணம் ஏற்ற பொருளையும் தொழில் தகுதியையும் மத்திய விதிகளும் ஏற்கும்படி சட்டம் இயற்றியது. கனடியத் தடையற்ற வணிக ஒப்பந்தத்தில் தன் பெயரில் இருந்த விதிவிலக்குகளையும் விட்டுக்கொடுத்தது.

எனக்கு இதில் சுவாரசியமாகப் பட்டது நோவா ஸ்கோஷியா அதே மார்ச்சில் நிறைவேற்றிய சட்டம். எந்த மாகாணம் இதே போன்ற சட்டம் போடுகிறதோ அந்த மாகாணத்தின் பொருளை, மறுபடி சோதிக்காமல், சான்று கேட்காமல், நம் மாகாணப் பொருளாகவே பாவிப்போம் என்கிறது. யாரோடும் பேரம் கிடையாது, கூட்டம் கிடையாது. நீ திறந்தால் நான் திறப்பேன், அவ்வளவுதான். ஒன்டாரியோ சில மாதங்களில் தானும் இதே மாதிரி ஒரு சட்டம் போட்டது. 'நியாயம் என்பது இருவழிப் பாதை' என்று சொல்லி 1999ல் கியூபெக் தொழிலாளர்களுக்குக் கதவைச் சாத்தியதே, அதே ஒன்டாரியோ.